புளிப்பும் உப்பும்

(வானொலியில் ஒலிபரப்பான மறையுரையின் எழுத்து வடிவம்)



இன்று நாம் சிந்திக்க எடுத்துக்கொள்வது மத்தேயு நற்செய்தி 13ஆம் அதிகாரத்தில் வரும் புளிப்பு மாவு உவமை. ஒரே வசனத்தில் முடிந்துவிடுகிற உவமை. கடுகு விதை உவமையைக் கேட்டு முடிப்பதற்குள் இது வந்து போய்விடும். ஒரு பெண் மூன்று மரக்கால் மாவில் கொஞ்சம் புளிப்பு மாவைச் சேர்க்கிறார், எல்லாம் புளித்துப் பொங்குகிறது, அவ்வளவுதான் கதை. மரக்கால் என்றதும் கம்மாபுரம் பக்கத்துப் பெரியவர்களுக்கு நெல் அளந்த நினைவு வரும். மூல மொழியில் உள்ள அளவைக் கணக்குப் பார்த்தவர்கள், மூன்றும் சேர்ந்தால் ஏறத்தாழ 40 லிட்டர் மாவு என்கிறார்கள். நூறு பேருக்கு மேல் சாப்பிடலாம். அது வீட்டுச் சமையல் அல்ல, கல்யாணச் சமையல். இன்னொன்றும் உண்டு. கிரேக்கத்தில் அந்தப் பெண் புளிப்பு மாவை ‘ஒளித்து வைத்தார்’ என்ற பொருள் தரும் சொல்தான் இருக்கிறது. யாருக்கும் தெரியாமல் உள்ளே போய் வேலை செய்கிற ஒன்று.

பாலஸ்தீனத்துப் பெண்கள் கோதுமை மாவுக்கு முந்தின நாள் மாவில் கொஞ்சம் எடுத்து வைத்துச் சேர்த்தார்கள். நம் வீட்டு இட்லி மாவுக்கு அதுவும் வேண்டியதில்லை. அரிசியையும் உளுந்தையும் ஊறவைத்து, அரைத்து, உப்புப் போட்டுக் கரைத்து மூடி வைத்தால் காலையில் மூடியைத் தள்ளிக்கொண்டு நிற்கிறது. யார் புளிக்க வைத்தது? கைராசி என்பார்கள் நம் பாட்டிமார். அதை மறுத்துப் பேச நமக்குத் துணிச்சல் இல்லை. ஆனாலும் 1965இல் அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜெனீவா ஆய்வு நிலையத்தில் எஸ்.கே. முகர்ஜி, ஸ்டைன்க்ராஸ் முதலிய அறிஞர்கள் நம்முடைய இட்லி மாவையே எடுத்து ஆராய்ந்தார்கள். ஊறவைத்த தானியத்தோடு வருகிற நுண்ணுயிர்களே போதும், வெளியிலிருந்து ஈஸ்ட் எதுவும் சேர்க்க வேண்டியதில்லை என்று கண்டார்கள். முதலில் வேலையைத் தொடங்குகிறது லியூகோநாஸ்டாக் என்ற பாக்டீரியா. அதுதான் காற்றையும் உண்டாக்குகிறது, புளிப்பையும் உண்டாக்குகிறது. உளுந்தின் கொழகொழப்பு அந்தக் காற்றைப் பிடித்து வைத்துக்கொள்கிறது. அதனால் மாவு பொங்குகிறது, இட்லி பூப்போல வருகிறது.

சகோதர சகோதரிகளே, இந்தச் சின்ன உயிர்களிடம் ஒரு புதிர் இருக்கிறது. லியூகோநாஸ்டாக் தின்றுதான் வாழ வேண்டும். தின்றால் அமிலம் வரும். அமிலம் ஓர் அளவைத் தாண்டினால் அதனாலேயே வளர முடியாது. தான் செழிக்கிற வேகத்தில் தனக்கான இடத்தையே அது கெடுத்துக்கொள்கிறது. அப்போது புளிப்பை அதைவிட நன்றாகத் தாங்குகிற வேறு பாக்டீரியாக்கள் மேலே வருகின்றன. 1965 ஆய்வில் இந்த வரிசை தெளிவாகப் பதிவாகியிருக்கிறது. முதலில் வந்தது வழியைப் போட்டுக் கொடுத்துவிட்டு ஒதுங்குகிறது, அடுத்தது வேலையைத் தொடர்கிறது. ஐரோப்பியர் முட்டைக்கோசில் உப்புப் போட்டுப் புளிக்க வைக்கிற ஊறுகாயிலும் ஏறக்குறைய இதே வரிசைதான். இதைக் கேட்கும்போது நமக்குத் திருமுழுக்கு யோவான் நினைவுக்கு வராமல் இருக்க மாட்டார். கூட்டம் தன்னைத் தேடி வந்த நேரத்தில், எனக்குப் பின் வருகிறவரைப் பாருங்கள் என்று ஒதுங்கி நின்றவர் அவர்.

ஆனால் எல்லாப் பாக்டீரியாவும் திருமுழுக்கு யோவான் அல்ல. 2018இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி. நிறுவனத்தில் ராட்ஸ்கே, டெங்க், கோர் என்ற மூவர் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். மண்ணில் வாழும் பேனிபாசில்லஸ் என்ற ஒரு வகைப் பாக்டீரியாவை எடுத்து, சர்க்கரையும் சத்தும் தாராளமாகப் போட்டு வளர்த்தார்கள். அமோகமாகப் பெருகியது. பெருகப் பெருக அமிலத்தைக் கக்கியது. கடைசியில் அந்த அமிலத்திலேயே ஒன்றுவிடாமல் அத்தனையும் செத்துப்போயின. வெளியிலிருந்து எதிரி யாரும் வரவில்லை. பட்டினியும் இல்லை. தட்டு நிறையச் சாப்பாடு இருக்கும்போதே ஊரோடு அழிவு.

அடுத்து அவர்கள் செய்ததுதான் வியப்பு. அந்தப் பாக்டீரியாவுக்குக் கெடுதல் என்று நாம் நினைக்கிற பொருள்களைக் கொஞ்சமாகச் சேர்த்துப் பார்த்தார்கள். உப்பு, கிருமிகளைக் கொல்லும் ஆன்டிபயாடிக் மருந்து, இவற்றில் சிறு அளவு. வளர்ச்சி மட்டுப்பட்டது. மட்டுப்பட்டதால் அமிலம் மெதுவாக ஏறியது. கூட்டம் பிழைத்துக்கொண்டது! கொல்லும் என்று போட்டது காப்பாற்றியது. கொழுக்கட்டும் என்று போட்டது கொன்றது. (அவர்கள் சேர்த்துப் பார்த்த பொருள்களில் சாராயமும் ஒன்று. அதைப் பிடித்துக்கொண்டு யாரும் பங்குத்தந்தையிடம் வாதாட வர வேண்டாம். நாம் பாக்டீரியா அல்ல.)

நம் முன்னோர் எந்த ஆய்வுக்கூடமும் இல்லாமல் இந்த அளவைத் தெரிந்து வைத்திருந்தார்கள். பனைமரத்தைப் பாருங்கள். ஒரே பாளை, ஒரே சாறு. கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவிக் கட்டினால் காலையில் இறங்குவது பதநீர். குழந்தைக்கும் கொடுக்கலாம், காய்ச்சினால் கருப்பட்டி. சுண்ணாம்பு தடவாமல் கட்டினால் மரத்திலேயே நுரைத்துக் கள்ளாகிவிடும். அந்தக் கள்ளையும் அப்படியே விட்டுவைத்தால் ஓரிரு நாளில் காடியாகப் புளித்துவிடும். சுண்ணாம்பைத் தனியாக நாக்கில் வைத்தால் பொத்துப்போகும். ஆனால் அந்தக் காரமான பூச்சுதான் இனிப்பை இனிப்பாக வைத்திருக்கிறது. ஊறுகாய்க்கும் அப்படித்தான். உப்பு குறைந்தால் பூசணம் பூக்கும். நமக்குப் பக்கத்து விருத்தாசலம் பீங்கானுக்குப் பேர்போன ஊர். ஊறுகாயைப் பித்தளையில் போடாமல் பீங்கான் ஜாடியில் ஏன் போடுகிறோம்? உப்பும் புளிப்பும் உலோகத்தை அரித்துவிடும், பளபளப்புப் பூசிச் சுட்ட மண்ணை ஒன்றும் செய்யாது. நெருப்பில் வெந்த சுவர் அது.

இப்போது நாம் சொல்ல வந்ததற்கு வருவோம். சிலருக்குக் கசக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

திராட்சை ரசத்தையும் கள்ளையும் நுரைக்க வைப்பது ஈஸ்ட். அதுவும் நாம் சொன்ன அந்தப் புதிருக்குள்தான் இருக்கிறது. சர்க்கரையைத் தின்று ஆல்கஹாலை வெளியே தள்ளுகிறது. ஆல்கஹால் மற்றக் கிருமிகளை விரட்டுகிறது, ஈஸ்டுக்குக் கொண்டாட்டம். ஆனால் அது ஏறிக்கொண்டே போனால் ஈஸ்டையும் மயக்கிச் சாய்த்துவிடும். இயற்கையாகப் புளிக்கும் திராட்சை ரசத்தில் ஆல்கஹால் 14, 15 விழுக்காட்டைத் தாண்டுவது அரிது. கள்ளில் அதைவிட மிகக் குறைவு. கண்ணுக்குத் தெரியாத அந்த உயிர் ஓர் இடத்தில் நின்றுவிடுகிறது. படைப்புக்குள் கடவுள் வைத்த வேலி அது என்று சொன்னால் தவறில்லை.

அந்த வேலியைத் தாண்டியவர்கள் நாம். புளித்ததைக் காய்ச்சி, ஆவியைக் குளிர்வித்து, சொட்டுச் சொட்டாக வடித்தெடுக்கக் கற்றுக்கொண்டோம். ஈஸ்ட் நின்ற இடத்தில் நாம் நிற்கவில்லை. கடையில் விற்கும் பிராந்தி, ரம் பாட்டிலின் மேல் 42.8 விழுக்காடு என்று அச்சடித்திருக்கும். ஒரு நுண்ணுயிர்கூட அதற்குள் வளர முடியாத அளவு. அதைத்தான் காலை பத்து மணிக்கு வெறும் வயிற்றில் ஊற்றுகிறோம்.

“இயேசுவே கானாவில் திராட்சை ரசம் கொடுத்தாரே, சாமி?” என்று சிலர் கேட்பார்கள். மறையுரை முடிந்து கோவில் வாசலில் நின்று கேட்பவர்களும் உண்டு. கொடுத்தார். ஆறு கற்சாடி நிறையக் கொடுத்தார். அந்த ரசம் ஈஸ்ட் நின்ற இடத்தில் நின்ற ரசம். அந்தக் காலத்தில் அதிலும் தண்ணீர் கலந்துதான் குடித்தார்கள். மக்கபேயர் இரண்டாம் நூலின் கடைசி வசனத்தை வீட்டில் எடுத்துப் பாருங்கள், தண்ணீர் கலந்த ரசத்தின் சுவையைப் பற்றியே பேசி அந்த நூல் முடிகிறது. ஒரு ஊரே சேர்ந்து ஒரு கல்யாணத்தில் குடித்ததும், ஒருவன் தனியாக, பெண்டாட்டியின் நூறு நாள் வேலைக் கூலியை எடுத்துக்கொண்டுபோய்க் குடிப்பதும் ஒன்றாகாது. கானாவைச் சாட்சிக்கு இழுப்பவர்கள் அந்தக் கல்யாணத்தில் மரியன்னை கவனித்தது எதை என்பதை மறந்துவிடுகிறார்கள். அந்த வீட்டுக்கு மானம் போய்விடக் கூடாதே என்பதுதான் அவருடைய கவலை. நம் தெருக்களில் எத்தனை வீட்டின் மானம் இரவு எட்டு மணிக்கு வாசலில் விழுந்து கிடக்கிறது!

2024 ஜூன் மாதத்தை நாம் அதற்குள் மறந்திருக்க மாட்டோம். நமக்கு அடுத்த மாவட்டம், கள்ளக்குறிச்சி, கருணாபுரம். மெத்தனால் கலந்த சாராயம். 60க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். மெத்தனால் உடம்புக்குள் போய் ஃபார்மிக் அமிலமாக மாறுகிறது. கண்ணுக்குப் போகும் நரம்பைத்தான் முதலில் பிடிக்கும். பிழைத்தவர்களிலும் பார்வை போனவர்கள் உண்டு. தாயும் தகப்பனும் இல்லாமல் போன பிள்ளைகள் இருக்கிறார்கள். அது விஷச் சாராயம், நாம் குடிப்பது அரசு விற்பது என்று ஆறுதல் சொல்லிக்கொள்பவர்களுக்கு ஒன்று சொல்கிறோம்: கருணாபுரத்தில் ஓரிரு நாளில் நடந்தது, ஈரல் கெட்டுப் பத்து வருடத்தில் மெதுவாக நடக்கும்போது அதைச் செய்தித்தாளில் போடுவதில்லை.

அந்தப் பேனிபாசில்லஸ் கூட்டத்துக்கு மறுபடியும் வருவோம். அதைக் கொன்றது பஞ்சம் இல்லை, தடையில்லாத சாப்பாடு. குடிக்கிறவர் இருக்கிற வீடுகளில் நாம் என்ன செய்கிறோம்? கடையில் வைத்த கடனை அம்மா தன் தோட்டை அடகு வைத்துக் கட்டுகிறார். வேலைக்கு வரவில்லை என்றால் “காய்ச்சல்” என்று மனைவி மேஸ்திரிக்குப் பொய் சொல்லி அனுப்புகிறார். வாசலில் விழுந்தவரைப் பக்கத்து வீட்டுக்காரர் பார்ப்பதற்குள் இழுத்து உள்ளே போட்டுப் போர்த்திவிடுகிறார்கள். எல்லாம் பாசம்தான். யாரையும் நாம் குறை சொல்ல வரவில்லை. அடி வாங்கிக்கொண்டே அதைச் செய்கிற பெண்ணுக்கு முன்னால் நமக்குப் பேச்சு எழாது. ஆனாலும் தாய்மார்களே, அது கூடுதல் சர்க்கரை. கடனைக் கட்டக் கட்டக் கடன் கொடுப்பவன் கொடுத்துக்கொண்டே இருப்பான். கட்ட மாட்டேன் என்று ஒரு தாய் ஒரு முறை சொல்வது கல்நெஞ்சு அல்ல. அது உப்பு.

பங்குக்கும் இதில் பங்கு உண்டு. தேர்ப்பவனி முடிந்த இரவில் தேர் தூக்கியவர்களுக்கு எது வாங்கிக் கொடுக்கப்படுகிறது என்று எல்லாருக்கும் தெரியும். கண்டுகொள்ளாமல் இருக்கிறோம். அடக்கத்துக்குக் குழி தோண்டியவர்களுக்குக் கூலியோடு பாட்டிலும் கொடுப்பது பல ஊர்களில் வழக்கம் என்றே ஆகிவிட்டது. இறந்தவரே குடியால் இறந்திருப்பார்! இதை அன்பியக் கூட்டத்தில் ஒரு முறையாவது பேச வேண்டும். அடுத்த திருவிழாவுக்கு முன் பேச வேண்டும்.

பழைய ஏற்பாட்டில், லேவியர் நூல் இரண்டாம் அதிகாரத்தில் ஒரு விதி இருக்கிறது. பீடத்தில் எரிக்கும் உணவுப் படையலில் புளிப்பு மாவும் தேனும் இருக்கக் கூடாது, உப்பு மட்டும் இல்லாமலும் இருக்கக் கூடாது. எந்தக் காரணத்துக்காக என்று மறைநூல் அறிஞர்கள் பலவிதமாகச் சொல்வார்கள். பொங்குகிறதையும் இனிக்கிறதையும் ஒதுக்கிவிட்டு உப்பைக் கட்டாயமாக்கியது நம்மை யோசிக்க வைக்கிறது. ஆண்டவர் இயேசு தம் சீடரை உலகுக்கு உப்பு என்று அழைத்தார். இறையாட்சியைப் புளிப்பு மாவுக்கு ஒப்பிட்டார். பரிசேயரின் புளிப்பு மாவைக் குறித்து எச்சரிக்கையாக இருக்கவும் சொன்னார். ஒரே பொருள் அளவோடு இருக்கும்போது இறையாட்சி, அளவு தவறும்போது அழிவு. அளவு வைப்பது எப்போதும் உப்பின் வேலை. பொங்குகிறவரிடம் போய் ‘உன்னையே நீ அடக்கு’ என்று சொல்லிவிட்டுப் போவதில் பயனில்லை. அந்தப் பாக்டீரியாவுக்கும் உப்பு வெளியிலிருந்துதான் வந்தது, வேறொரு கை போட்டது.

அப்படிப் போட்ட ஒரு கையைப் பற்றிச் சொல்கிறோம். அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் ஏக்ரன் என்று ஓர் ஊர். அங்கே 1935இல் குடியால் சீரழிந்த இருவர், பில் என்பவரும் டாக்டர் பாப் என்பவரும், ஒருவரையொருவர் தாங்கிக்கொண்டு குடியை விட்டார்கள். ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ் இயக்கம் அப்படித்தான் பிறந்தது. குடிக்கு முன்னால் என்னால் ஒன்றும் முடியவில்லை என்று ஒத்துக்கொள்வதுதான் அவர்களுடைய முதல் படி. ஆனால் குடியர்களை அன்று மருத்துவமனைகள் சேர்த்துக்கொள்ளவில்லை. அதே ஊரில் புனித தோமா மருத்துவமனையில் நோயாளிகளைப் பதிவு செய்யும் மேசையில் இருந்தவர் சகோதரி இக்னேசியா என்ற துறவி. மிகவும் ஒல்லியானவர், உடல்நலம் குன்றியவர். 1939 ஆகஸ்டில் டாக்டர் பாப் கூட்டிவந்த ஒரு குடிநோயாளியை அவர் வயிற்றுக் கோளாறு என்று பதிவேட்டில் எழுதிச் சேர்த்துக்கொண்டார். வார்டில் போட முடியவில்லை. பூக்களை ஒழுங்குபடுத்தும் சிறு அறை ஒன்று இருந்தது, அதில் கட்டிலைப் போட்டு ஒளித்து வைத்தார். அங்கிருந்து தொடங்கி ஆயிரக்கணக்கானோர் அவர் கையால் தேறிப் போனார்கள்.

தேறிப் போகும்போது ஒவ்வொருவருக்கும் அவர் இயேசுவின் திருஇருதயச் சின்னம் ஒன்றைக் கொடுப்பார். இனி குடிக்கவே மாட்டேன் என்ற சத்தியம் எதையும் வாங்கமாட்டார். குடிக்கலாம் என்று தோன்றினால், முதல் வாய் குடிப்பதற்கு முன் இந்தச் சின்னத்தை என்னிடம் திருப்பிக் கொண்டுவந்து கொடுத்துவிட வேண்டும், அவ்வளவுதான் ஒப்பந்தம். ஒரு சிட்டிகை உப்பு! சட்டைப் பையில் கிடக்கிற சின்னத் துணி. கடைக்குப் போகிற வழியில் அந்தச் சகோதரியின் முகத்தைப் பார்த்துவிட்டுப் போக வேண்டும் என்பதே பலரைத் திரும்பி நடக்க வைத்தது. சத்தியம் செய்யச் சொல்லி, கோவிலில் கயிறு கட்டி, மூன்றாம் நாள் அறுத்தெறிந்து வெட்கப்பட்டுப் போகிற நம் ஊர் வழக்கத்தைவிட இது எவ்வளவோ மேல் என்று நமக்குத் தோன்றுகிறது.

கோணாங்குப்பம் பெரியநாயகி மாதாவிடம் நம் பெண்கள் முழங்காலிட்டு வேண்டுவதில் பாதி இந்த ஒன்றுக்காகத்தான் இருக்கும். வேண்டுங்கள். கூடவே இதையும் கேட்டுக்கொள்ளுங்கள். பல வருடம் தினமும் குடித்தவரைத் திடீரென்று அறையில் பூட்டி நிறுத்தக் கூடாது. நிறுத்திய இரண்டு மூன்று நாளில் கை நடுங்கும், வலிப்பு வரலாம், இல்லாததெல்லாம் கண்ணுக்குத் தெரியும், உயிருக்கே ஆபத்தாகலாம். அது பேயும் இல்லை, செய்வினையும் இல்லை. மருத்துவரிடம் காட்டி, மருந்தோடுதான் நிறுத்த வேண்டும். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் மனநலப் பிரிவில் இதற்குச் சிகிச்சை உண்டு, பணம் வேண்டியதில்லை. 14446 என்பது மைய அரசின் இலவச உதவி எண். வீட்டில் இருப்பவர்களும் அதில் பேசலாம், குடிப்பவரே பேச வேண்டும் என்பதில்லை. ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ் கூட்டங்கள் தமிழிலும் நடக்கின்றன. அங்கே யாரும் உங்கள் முழுப் பெயரைக் கேட்க மாட்டார்கள்.

தனியாகப் போகக் கூச்சமாக இருந்தால் உங்கள் பங்குத்தந்தையிடம் சொல்லுங்கள், அல்லது கன்னியர் இல்லத்தில் சகோதரிகளிடம் சொல்லுங்கள். விடியற்காலைப் பேருந்துக்கு அவர்களில் ஒருவர் கூட வருவார். வெறும் வயிற்றில் போக வேண்டாம். இரண்டு இட்லியாவது சாப்பிட்டுவிட்டுப் போங்கள்.